சொன்னது ஒன்று, கேட்டது ஒன்று!

"அண்ணே! அடுத்த மாசம் பாப்பாவுக்குக் காது குத்துறோம். முடிஞ்சா வாங்க."

டெலிபோனில் தங்கை சொன்னது இவ்வளவுதான்.

"சரி, பார்க்கலாம்" என்றார் அண்ணன்.

பேச்சு முடிந்தது. அதோடு, இருவருக்கும் இடையே பேச்சுவார்த்தையே முடிந்தது!

காது குத்துக்கு அண்ணன் வரவில்லை. தாய்மாமன் மடியில் உட்கார வேண்டிய குழந்தை, வேறு ஒருவர் மடியில் உட்கார்ந்தது. அதன் பிறகு 2 ஆண்டுகள் அண்ணனும் தங்கையும் பேசவில்லை. பொங்கல் சீர் போகவில்லை. ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு மற்றவர் வரவில்லை.

என்ன நடந்தது? சண்டை போட்டார்களா? இல்லை. யாராவது யாரையாவது திட்டினார்களா? அதுவும் இல்லை.

"முடிஞ்சா வாங்க" என்று தங்கை சொன்னபோது, அவள் மனதில் இருந்தது இது: "அண்ணன் வெளியூரில் இருக்கிறார். லீவு கிடைப்பது கஷ்டம். செலவு வேறு. அவரைத் தொந்தரவு செய்யக் கூடாது."

அண்ணன் எடுத்துக்கொண்டது வேறு: "தாய்மாமன் இல்லாமல் ஒரு காது குத்தா? 'கட்டாயம் வரணும்' என்று சொல்லாமல், 'முடிஞ்சா வாங்க' என்கிறாளே! நான் வந்தாலும் ஒன்று, வராவிட்டாலும் ஒன்று என்று நினைத்துவிட்டாள்!"

அவர் சொன்ன "பார்க்கலாம்" என்ற சொல்லுக்கு, "நேரில் வந்து முறையாக அழைக்கட்டும், பார்க்கலாம்" என்று பொருள். தங்கை அதை எப்படி எடுத்துக்கொண்டாள்? "நம் வீட்டு விசேஷம் அண்ணனுக்கு ஒரு பொருட்டே இல்லை" என்று!

இருவர் சொன்னதிலும் தப்பான சொல் ஒன்றுகூட இல்லை. ஆனாலும் ஒரு குடும்பம் இரண்டாகிவிட்டது.

இது ஏதோ ஒரு வீட்டில் மட்டும் நடக்கிற கதை அல்ல. உங்கள் வீட்டிலும் நடந்திருக்கும். எங்கள் வீட்டிலும் நடந்திருக்கிறது. பேச்சு எங்கே தடம் புரள்கிறது? அதைத் தடுப்பது எப்படி?

பாதிதான் வாயில் வரும்

நாம் மனதில் நினைப்பதை எல்லாம் சொல்லிவிடுவதாக எண்ணுகிறோம். உண்மையில், பாதியைத்தான் சொல்கிறோம். மீதிப் பாதியைக் கேட்பவர் நிரப்பிக்கொள்கிறார்.

இரவு நேரம். "வாசல் கதவு திறந்து கிடக்குதே" என்கிறாள் அம்மா. மகன் எழுந்து போய்க் கதவைச் சாத்துகிறான்.

"கதவைச் சாத்து" என்று அம்மா சொல்லவே இல்லை. ஆனாலும் மகனுக்குப் புரிந்துவிட்டது. எப்படி? "அம்மா காரணம் இல்லாமல் இதைச் சொல்ல மாட்டாள். சாத்தச் சொல்கிறாள்" என்று அவன் நிரப்பிக்கொண்டான்.

இந்த விஷயத்தை ஆராய்ந்தவர் பால் கிரைஸ் என்ற தத்துவ அறிஞர். இங்கிலாந்து நாட்டவர். 1967-ம் ஆண்டு அமெரிக்காவில் உள்ள ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இதைப்பற்றிச் சொற்பொழிவுகள் செய்தார். சொல்லுக்கு ஒரு பொருள் உண்டு, சொல்பவர் மனதிலும் ஒரு பொருள் உண்டு, இரண்டும் ஒன்றாகவே இருக்க வேண்டியதில்லை என்று அவர் விளக்கினார். "சொல்பவர் ஏதோ காரணத்தோடுதான் சொல்கிறார்" என்று நம்பி, கேட்பவர் அந்த இடைவெளியை நிரப்பிக்கொள்கிறார்.

இது நல்ல ஏற்பாடுதான். எல்லாவற்றையும் முழுசாகச் சொல்வது என்றால், ஒரு வாய் காபி கேட்பதற்குள் பொழுது சாய்ந்துவிடும்!

பெரும்பாலும் நாம் சரியாகவே நிரப்பிக்கொள்கிறோம். எப்போதாவதுதான் தப்பாக நிரப்புகிறோம். ஆனால், அப்படித் தப்பாக நிரப்பியது நமக்குத் தெரிவதில்லை. "அவர் அப்படித்தான் சொன்னார்" என்று சத்தியம் செய்கிறோம். அவர் சொன்னது பாதி, நாம் சேர்த்தது பாதி என்பதை மறந்துவிடுகிறோம்.

மேஜையைத் தட்டிப் பாருங்கள்

வேடிக்கையான ஒரு சோதனை இருக்கிறது. இதை இன்றைக்கே வீட்டில் செய்து பார்க்கலாம்.

எல்லோருக்கும் தெரிந்த ஒரு பாட்டை மனதில் நினைத்துக்கொள்ளுங்கள். வாயைத் திறக்காதீர்கள். அந்தப் பாட்டின் தாளத்தை மட்டும் மேஜைமீது விரலால் தட்டுங்கள். "என்ன பாட்டு?" என்று எதிரே இருப்பவரைக் கேளுங்கள்.

1990-ம் ஆண்டு அமெரிக்காவின் ஸ்டான்போர்டு பல்கலைக்கழகத்தில் எலிசபெத் நியூட்டன் என்ற ஆராய்ச்சி மாணவி இந்தச் சோதனையை நடத்தினார். மொத்தம் 120 பாட்டுகள் தட்டப்பட்டன. கேட்டவர்கள் எத்தனை பாட்டைக் கண்டுபிடித்தார்கள் தெரியுமா? வெறும் 3!

தட்டியவர்கள் என்ன எதிர்பார்த்தார்கள்? "பாதிப் பாட்டுகளைக் கண்டுபிடித்துவிடுவார்கள்" என்று நினைத்தார்கள்!

ஏன் இந்த வித்தியாசம்? தட்டுகிறவர் மனதுக்குள் பாட்டு முழுசாக ஓடிக்கொண்டிருக்கிறது. சொல், ராகம், மேளம் எல்லாம் அவருக்குக் கேட்கிறது. எதிரே இருப்பவருக்குக் கேட்பது "டொக்... டொக்" என்ற சத்தம் மட்டுமே. "இது கூடவா தெரியவில்லை?" என்று தட்டுகிறவருக்கு ஆச்சரியம். சில சமயம் கோபம்கூட வருகிறது!

காது குத்து விஷயத்தில் தங்கையும் இப்படித்தான். லீவு, செலவு, அண்ணன்மேல் உள்ள பாசம் என்று அவள் மனதுக்குள் பாட்டு முழுசாக ஓடியது. அண்ணனுக்குக் கேட்டது "முடிஞ்சா வாங்க" என்ற சத்தம்தான்.

பழகியவர்களிடம்தான் அதிகம்

"தெரியாதவர்களிடம் பேசும்போது தப்பாகலாம். கட்டிய மனைவியிடமா? கூடப் பிறந்தவர்களிடமா?" என்று நீங்கள் கேட்கலாம்.

இதையும் சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். 2011-ம் ஆண்டு அமெரிக்க மனநூல் அறிஞர்கள் ஓர் ஆராய்ச்சியை வெளியிட்டார்கள். கணவன், மனைவியரை அழைத்து, முதுகைக் காட்டியபடி நாற்காலிகளில் உட்கார வைத்தார்கள். இரண்டு விதமாகப் பொருள் கொள்ளக்கூடிய வாக்கியங்களை ஒருவர் சொல்ல வேண்டும். என்ன பொருளில் சொன்னார் என்று மற்றவர் கண்டுபிடிக்க வேண்டும். முன்பின் தெரியாதவர்களோடும் இதே விளையாட்டை நடத்தினார்கள்.

முடிவு என்ன? சொந்தக் கணவனோ மனைவியோ சொன்னதை, அன்னியர் சொன்னதைவிட நன்றாகப் புரிந்துகொண்டுவிடவில்லை. ஆனால், "என் கணவருக்குப் புரிந்திருக்கும்", "என் மனைவிக்குப் புரிந்திருக்கும்" என்ற நம்பிக்கை மட்டும் அதிகமாக இருந்தது!

அன்னியரிடம் நாம் விளக்கமாகப் பேசுகிறோம். "புரிந்ததா?" என்று முகத்தைப் பார்க்கிறோம். நம்மவர்களிடம் அந்தக் கவனம் போய்விடுகிறது. "இத்தனை வருஷம் கூட இருக்கிறாரே, இது தெரியாதா?" என்று பாதியில் விட்டுவிடுகிறோம். அந்தப் பாதியில்தான் வம்பு வந்து உட்கார்ந்துகொள்கிறது.

"இல்லை" என்றால் என்ன?

மனஸ்தாபத்தோடு போனால் பரவாயில்லை. உயிருக்கே ஆபத்தாக முடிகிற பேச்சும் உண்டு.

வயதான தகப்பனாருக்கு ரத்தக் கொதிப்பு. தினம் காலையில் ஒரு மாத்திரை. மருமகள் கேட்கிறாள்:

"மாமா, மாத்திரை போடலையா?"

"இல்லேம்மா."

இதற்கு என்ன பொருள்? "இல்லை, இன்னும் போடவில்லை" என்றும் கொள்ளலாம். "நீ நினைப்பது சரியில்லை, போட்டுவிட்டேன்" என்றும் கொள்ளலாம். மருமகள் தப்பாக எடுத்துக்கொண்டால், ஒன்று மாத்திரை இல்லாமல் போகும், அல்லது இரண்டு மாத்திரை உள்ளே போய்விடும்!

கேள்வியிலேயே "இல்லை" இருந்தால், பதிலில் குழப்பம் வரும். "மாத்திரை போட்டாச்சா?" என்று கேளுங்கள். "ஆச்சு", "இன்னும் இல்லை" என்று தெளிவாகப் பதில் வரும்.

மருந்தில் இன்னொரு குழப்பம், "ஒரு ஸ்பூன்". டீ ஸ்பூன் என்றால் 5 மில்லி. மேஜைக் கரண்டி என்றால் 15 மில்லி. இரண்டும் ஸ்பூன்தான். ஆனால் மருந்தின் அளவோ மூன்று மடங்கு! அதனால்தான் மருந்து பாட்டிலோடு அளவு மூடி கொடுக்கிறார்கள். குழந்தைக்கு மருந்து கொடுக்கும்போது, அந்த மூடியை எறிந்துவிட்டு, சமையல்கட்டுக் கரண்டியை எடுக்காதீர்கள்.

எந்த வெள்ளிக்கிழமை?

நாளும் நேரமும்கூட ஆளை ஏமாற்றும்.

இன்று புதன்கிழமை என்று வைத்துக்கொள்ளுங்கள். "அடுத்த வெள்ளிக்கிழமை பெண் பார்க்க வருகிறோம்" என்று தகவல் வருகிறது. எந்த வெள்ளி? நாளை மறுநாளா, அதற்கு அடுத்த வாரமா? பெண் வீட்டார் ஒன்றை நினைப்பார்கள். மாப்பிள்ளை வீட்டார் இன்னொன்றை நினைப்பார்கள். வீட்டில் பஜ்ஜியும் இருக்காது, பெண்ணும் இருக்க மாட்டாள்!

ரெயில் பயணத்திலும் இப்படி ஒன்று உண்டு. டிக்கெட்டில் "15-ந் தேதி, 00.10 மணி" என்று இருக்கும். "15-ந் தேதி ராத்திரி ரெயில்" என்று வீட்டில் சொல்வார்கள். 15-ந் தேதி இரவு பெட்டி படுக்கையோடு ஸ்டேஷனுக்குப் போனால், ரெயில் முதல் நாள் இரவே போயிருக்கும்!

என்ன காரணம்? ரெயில்வே கணக்கில், நள்ளிரவு 12 மணிக்குத் தேதி மாறிவிடுகிறது. நம் வீட்டுக் கணக்கிலோ, பொழுது விடிந்தால்தான் மறுநாள். எனவே 00.10 மணி ரெயிலுக்கு, 14-ந் தேதி இரவே ஸ்டேஷனில் இருக்க வேண்டும்.

ஊருக்கு ஊர் வேறு

தமிழ் ஒன்றுதான். ஆனால், சொல்லின் பொருள் ஊருக்கு ஊர் மாறும்.

"குடிக்க வெள்ளம் வேணும்" என்று கன்னியாகுமரிப் பக்கத்துக்காரர் கேட்டால், சென்னைக்காரர் திகைப்பார். அங்கே வெள்ளம் என்றால் தண்ணீர். சென்னைக்காரருக்கு வெள்ளம் என்றால், தெருவில் படகு விடுகிற சமாசாரம்!

"அம்மா பேசினா" என்று யாழ்ப்பாணத்துப் பிள்ளை சொன்னால், அம்மா திட்டினாள் என்று பொருள். மதுரைப் பிள்ளை அதையே சொன்னால், அம்மா சும்மா பேசிக்கொண்டிருந்தாள் என்றுதான் பொருள். யாழ்ப்பாணத்தார் சும்மா பேசுவதைக் "கதைத்தல்" என்பார்கள். இங்கே "கதை விடுகிறான்" என்றால் சண்டைக்கு வருவார்கள்!

சொல் ஒன்றாக இருந்தாலும், குரல் மாறினால் பொருள் மாறும். "நல்ல காரியம் செய்தே!" என்பதைச் சிரித்துக்கொண்டு சொன்னால் பாராட்டு. பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னால் திட்டு. டெலிபோனில் முகம் தெரியாது. வாட்ஸ்அப் செய்தியிலோ, முகமும் இல்லை, குரலும் இல்லை. வெறும் எழுத்துதான். படிப்பவர் எந்த மனநிலையில் இருக்கிறாரோ, அந்தக் குரலில்தான் அதைப் படிப்பார்.

583 உயிர்கள்!

ஒரு சொல்லைத் தப்பாக எடுத்துக்கொண்டதும் காரணமாகி, 583 பேர் மாண்ட பயங்கரம் ஒன்று உண்டு.

ஸ்பெயின் நாட்டைச் சேர்ந்த கனேரித் தீவுகளில், டெனெரீப் என்பது ஒரு தீவு. 1977-ம் ஆண்டு மார்ச் மாதம் 27-ந் தேதி. பக்கத்துத் தீவின் விமான நிலையத்தில் வெடிகுண்டு வெடித்ததால், பல விமானங்கள் டெனெரீப் தீவுக்குத் திருப்பி விடப்பட்டிருந்தன. அவற்றில் இரண்டு ஜம்போ விமானங்கள். ஒன்று ஹாலந்து விமானம். மற்றொன்று அமெரிக்க விமானம்.

எங்கும் அடர்ந்த பனிமூட்டம். ஹாலந்து விமானம் ஓடுபாதையின் ஒரு முனையில் நின்றது. அமெரிக்க விமானம் அதே ஓடுபாதையில் எதிரே ஊர்ந்து வந்துகொண்டிருந்தது. ஒன்று இருப்பது மற்றொன்றுக்குத் தெரியவில்லை. கட்டுப்பாட்டு அதிகாரிக்கு இரண்டுமே தெரியவில்லை.

ஹாலந்து விமானத்திலிருந்து ரேடியோவில் ஒரு செய்தி வந்தது. "இப்போது புறப்பாட்டில் இருக்கிறோம்" என்று சொன்னார்கள். "கிளம்பிவிட்டோம்" என்பது அதன் பொருள்.

அதிகாரி என்ன நினைத்தார்? "புறப்படும் இடத்தில் நின்று, உத்தரவுக்குக் காத்திருக்கிறார்கள்" என்று நினைத்தார். "ஓகே" என்றார். "காத்திருங்கள், நான் கூப்பிடுகிறேன்" என்று தொடர்ந்து சொன்னார்.

அதே கணத்தில் அமெரிக்க விமானியும் ரேடியோவில் பேசினார். "நாங்கள் இன்னும் ஓடுபாதையில்தான் இருக்கிறோம்" என்று எச்சரித்தார். இரண்டு பேச்சும் ஒன்றோடு ஒன்று மோதி, வெறும் கிறீச்சொலியாகிவிட்டது. ஹாலந்து விமானத்தில் தெளிவாகக் கேட்டது "ஓகே" என்ற ஒரே சொல்தான்!

விமானம் பாய்ந்தது. அமெரிக்க விமானத்தின்மீது மோதியது. ஹாலந்து விமானத்தில் இருந்த 248 பேரும் மாண்டார்கள். அமெரிக்க விமானத்தில் 335 பேர் மாண்டார்கள். 61 பேர் மட்டுமே பிழைத்தார்கள்.

விபத்துக்குப் பனி, அவசரம் என்று வேறு காரணங்களும் உண்டு. ஆனால், தெளிவில்லாத அந்தப் பேச்சும் ஒரு முக்கிய காரணம்.

அதன் பிறகு விமானத் துறையில் பேச்சு முறையைக் கடுமையாக்கினார்கள். மேலே கிளம்ப உத்தரவு கொடுக்கும்போதோ, அதை ரத்து செய்யும்போதோ மட்டும்தான் "டேக் ஆப்" என்ற சொல்லைப் பயன்படுத்த வேண்டும். வேறு சமயங்களில் அந்தச் சொல்லே கூடாது. முக்கியமான உத்தரவுக்கு "ஓகே", "சரி" என்று மட்டும் சொன்னால் போதாது. கேட்ட உத்தரவை விமானி அப்படியே திருப்பிச் சொல்ல வேண்டும். அதிகாரி அதைக் கேட்டு, தப்பு இருந்தால் திருத்த வேண்டும்.

வீட்டுக்கும் அதே மருந்து

"திருப்பிச் சொல்வது" என்பதுதான் மருந்து. செலவில்லாத மருந்து!

இப்போது பல நாடுகளில் டாக்டர்களுக்கும் நர்சுகளுக்கும் இதைக் கற்றுக்கொடுக்கிறார்கள். நோயாளியிடம் "புரிந்ததா?" என்று கேட்கக் கூடாது. யாராக இருந்தாலும் "புரிந்தது" என்றுதான் சொல்வார்கள். "புரியவில்லை" என்று சொல்ல வெட்கம். அதற்குப் பதிலாக, "வீட்டுக்குப் போய் இந்த மருந்தை எப்படிச் சாப்பிடுவீர்கள்? நான் சரியாகச் சொன்னேனா என்று தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன்" என்று கேட்க வேண்டும். நோயாளி சொல்லும்போதே தப்பு எங்கே என்று தெரிந்துவிடும்.

டாக்டர் கேட்காவிட்டால் என்ன? நீங்களே சொல்லுங்கள். "காலையில் ஒன்று, ராத்திரி ஒன்று, சாப்பாட்டுக்குப் பிறகு. சரிதானே டாக்டர்?" இதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை.

வீட்டில் கடைப்பிடிக்க வேண்டியவை இவை:

1. நாளைச் சொல்லும்போது தேதியையும் சேர்த்துச் சொல்லுங்கள். "அடுத்த வெள்ளி" என்று நிறுத்தாதீர்கள். "வெள்ளிக்கிழமை, 20-ந் தேதி" என்று சொல்லுங்கள்.

2. முக்கியமான விஷயத்துக்கு "சரி", "பார்க்கலாம்" என்று பதில் சொல்லாதீர்கள். வருவதானால் "வருகிறேன்" என்று சொல்லுங்கள். வர முடியாவிட்டால், ஏன் முடியவில்லை என்று சொல்லுங்கள்.

3. காரணத்தை மனதுக்குள் வைத்துக்கொள்ளாதீர்கள். வாய்விட்டுச் சொல்லுங்கள்.

4. ஒரு சொல் சுருக்கென்று தைத்தால், உடனே கோபப்படாதீர்கள். "நீ சொன்னதை நான் இப்படி எடுத்துக்கொண்டேன். அப்படித்தானா?" என்று கேளுங்கள்.

5. "நான் சொன்னது உனக்குப் புரியவில்லையா?" என்று கேட்காதீர்கள். அது அடுத்த சண்டைக்கு வித்து. "நான் சரியாகச் சொல்லவில்லை போலிருக்கிறது" என்று ஆரம்பியுங்கள். எதிரே இருப்பவரின் கோபம் பாதி இறங்கிவிடும்.

ஒரு கேள்வி போதும்

அந்த அண்ணன், தங்கை கதை என்ன ஆயிற்று?

2 ஆண்டுகள் கழித்து, உறவினர் ஒருவரின் கல்யாணத்தில் இருவரும் எதிர்ப்பட்டார்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். அவர்களுடைய பெரியம்மா அதைப் பார்த்துவிட்டார். பள்ளிக்கூடப் படிப்பு இல்லாதவர். இருவரையும் தனியே அழைத்துப் போய் உட்கார வைத்தார்.

"ஏண்டி, உன் அண்ணனை 'முடிஞ்சா வாங்க'ன்னு சொன்னியாமே, என்ன நினைச்சு அப்படிச் சொன்னே?"

தங்கைக்குக் கண் கலங்கியது. "லீவு கிடைக்காம அண்ணன் கஷ்டப்படுமேன்னுதான் பெரியம்மா அப்படிச் சொன்னேன். அண்ணன் வரும்னு சடங்கு முடியுற வரைக்கும் வாசலையே பார்த்துக்கிட்டிருந்தேன்."

அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். "நீ 'கட்டாயம் வரணும்'னு சொல்லுவேன்னு நான் காத்துக்கிட்டிருந்தேன்மா" என்றார். அன்றைக்கு அவர் லீவுகூட வாங்கி வைத்திருந்தாராம்!

அன்றோடு கோபம் தீர்ந்தது. இப்போது இரண்டு குடும்பமும் ஒன்று. ஆனால், குழந்தைக்குக் காது குத்தியாகிவிட்டது. அந்த ஒரு நாளில் தாய்மாமன் மடியில் அது உட்காரவில்லை. அந்த நாள் இனித் திரும்ப வராது.

"என்ன நினைச்சுச் சொன்னே?" என்று பெரியம்மா கேட்ட கேள்வியை, டெலிபோனில் பேசிய அன்றே அண்ணன் கேட்டிருந்தால் போதும்.

உங்களுக்கும் அப்படிப் பேச்சு நின்றுபோன சொந்தம் யாராவது இருக்கிறார்களா? ஒருமுறை கேட்டுப் பாருங்கள்.